வளைய இடம் கேட்கும் குழாய்

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கதை எனக்கு ஒரு துணிக்கொடியிலிருந்து கிடைத்தது.

கள்ளிக்குப்பத்தில் நாங்கள் வாடகைக்கு இருக்கும் அடுக்ககத்தில் எங்கள் வீடு நான்காம் மாடி. பால்கனியில் நின்றால் பின்தெரு தெரியும். மெயின் ரோட்டிலிருந்து வரும் அந்தத் தெரு ஒரு முனைவீட்டருகே சட்டென்று திரும்பி எங்கள் கேட்டுக்கு வருகிறது. அந்த முனைவீட்டு வாசலில், ஒரு பக்கச் சுவரிலிருந்து மறுபக்கம் வரை, புத்தம் புது மஞ்சள் நைலான் கயிறு கட்டித் துணி காயப்போட்டிருந்தார்கள். துணி காய்வதில் கதை ஒன்றும் இல்லை. ஆனால் அந்தக் கயிறு ரொம்பத் தாழ்வாக இருந்தது. ஓர் ஆளின் மார்பு உயரம்தான் இருக்கும். யாராக இருந்தாலும் வீட்டுக்குள் குனிந்துதான் போக வேண்டும். பக்கத்திலேயே ஒரு கவட்டைக்கழி சுவரில் சாய்ந்து நின்றது. அதை முட்டுக்கொடுத்தால் கொடி உயர்ந்திருக்கும். யாரும் கொடுக்கவில்லை.

கயிற்றுக்கு முன்னால் ஒருவன் நின்றுகொண்டிருந்தான். கையில் ஆரஞ்சு நிறக் குழாய்த் துண்டு ஒன்று. உள்ளேயும் போகவில்லை, திரும்பியும் போகவில்லை. நான் காபி குடித்து முடிக்கும் வரைக்கும் அப்படியே நின்றான்.

எனக்குத் தெரிந்தது அவ்வளவுதான். மற்றதெல்லாம் நான் கட்டியது. எங்கள் பக்கம் மேலே தொங்கிய கேபிள்களைச் சாலை வேலைக்காக வெட்டிப் போட்டுவிட்டார்கள். தரைக்கடியில் குழாய் பதித்து அதற்குள் ஃபைபர் இழுக்கிற வேலை நடக்கிறது, நடக்கிறது, நடந்துகொண்டே இருக்கிறது. இணையம் இல்லாத வீட்டில் எழுதுகிறவனுக்கு எழுதாமல் தப்பிக்க வழியே இல்லை.

2

தொடக்கம் ஒன்று: "வேம்புலி காலையில் எழுந்தபோது வானம்"

வேண்டாம். வானத்தில் தொடங்கிய கதை எதையும் நான் முடித்ததில்லை.

தொடக்கம் இரண்டு: "ஒளி நேராகத்தான் போகும் என்று பள்ளிக்கூடத்தில் படித்தோம். ஆனால் தலைமுடி அளவே உள்ள ஒரு கண்ணாடி இழைக்குள் அதே ஒளி"

கட்டுரை. எனக்கே கொட்டாவி வருகிறது.

தொடக்கம் மூன்று: "கடப்பாரையில் சாய்ந்தபடி வேம்புலி சொன்ன பதிலைக் கேட்டு அடுக்ககத்துப் பெரிய மனிதர்கள் வாயடைத்துப்போனார்கள்."

இதை ஒரு பக்கம் எழுதிவிட்டுத்தான் கிழித்தேன். படித்தவர்களின் வாயை அடைத்துவிட்டு அடக்கமாக மண்வெட்டியைத் தூக்கிக்கொண்டு போகும் தொழிலாளி எவரையும் நான் பார்த்ததில்லை. நான் பார்த்தவர்கள் என்னைப் போலவே பாதி தெரிந்தும் பாதி அளந்துவிட்டும் பிழைக்கிறவர்கள். ஆகவே என் வேம்புலி ஒரு வாய்ச்சவடால் பேர்வழி. இதே கள்ளிக்குப்பத்துக்காரன். எங்கள் அடுக்ககம் நிற்கிற இடத்தில் அவன் வீட்டுப் பெரியவர்கள் ஒரு காலத்தில் நாற்று நட்டார்கள். அவன் கேபிள் டிவி லைன்மேனாக ஏணி ஏறிப் பழகி, இப்போது சொந்தமாகக் குழாய் பதிக்கும் வேலை எடுக்கிறான். நாற்பத்தைந்து வயது, நரைக்கு மை, யாரைப் பார்த்தாலும் பேச்சு.

அவனிடம் குழாயைப் பற்றிக் கேட்டவர் எங்கள் அடுக்ககச் சங்கத்தின் செயலாளர் ஸ்ரீகாந்த், கோயம்புத்தூர்க்காரர்.

"ஏனுங்க வேம்புலி, ஃபைபருங்கறது முடி கனம்தானுங்க. அதுக்கு இத்தனை தண்டிக் குழாய் எதுக்குங்க?"

"சார், இது முடிக்கு இல்ல. முடிய இஸ்துகினு போறதுக்கு. உள்ளார எடம் இருந்தாதான் இன்னிக்கு ஒண்ணு வுட்டா நாளைக்கு இன்னொண்ணு வுடலாம். கருப்பு ஓஸ் போட்டேன்னு வையி, தண்ணி லாரி ஏறுனா சப்பையாப் பூடும். வெள்ள பைப்பு போட்டேன்னு வையி, ஒட்டு வுட்டுகினு எலி உள்ளார குடும்பம் நடத்தும். இது கீது பாரு, ஆரஞ்சு. வழவழன்னு கீது. வெரல வுட்டுப் பாரு சார்."

ஸ்ரீகாந்த் உண்மையிலேயே விரலை விட்டுப் பார்த்தார்.

"கம்பத்துக்குக் கம்பம் மேலயே கட்டி இழுத்தா ஒரே நாள்ல முடிஞ்சிரும்னு இன்னொரு பார்ட்டி சொல்றாருங்களே."

"அந்தத் தெருவுல மேல ஒயர் வராது சார்."

அவ்வளவு நேரம் பேசியவன் சட்டென்று குழாய்ச் சுருளை உருட்டிக்கொண்டு நகர்ந்தான். ஏன் என்று ஸ்ரீகாந்த் கேட்கவில்லை, அவருக்கு ஒரு மீட்டிங் இருந்தது.

* குழாய் பற்றி ஒரு குறிப்பு. அந்த ஆரஞ்சுக் குழாய் பெரிய சுருளாக வரும். வளையும், ஆனால் அதன் இஷ்டத்துக்குத்தான் வளையும். திருப்பத்தில் அகலமாக இடம் கொடுத்தால் சமர்த்தாகத் திரும்பும். குறுகலில் திருப்பினால் மடிந்து வாயை மூடிக்கொள்ளும். மட்டமான குழாய்களை எப்படி வேண்டுமானாலும் மடக்கலாம், நல்ல குழாய்க்கு மட்டும் வளைய இடம் வேண்டும். இந்தக் குறிப்பைத் தாண்டிப் போய்விடாதீர்கள், கதை இதன் மேல்தான் நிற்கிறது.

3

மெயின் ரோட்டில் ஆரம்பித்துப் பள்ளம் வெட்டிக்கொண்டே வந்தார்கள். வேம்புலி, வெட்டுகிற ஆட்கள் சிலர், ஃபைபர் ஒட்டத் தெரிந்த ஜேம்ஸ். ஜேம்ஸுக்கு ஊர் நசரத்பேட்டை, வேம்புலியோடு பல வருடப் பழக்கம். குழாய்க்குள் மஞ்சள் நைலான் கயிறு ஒன்றை முதலிலேயே விட்டுவிடுவார்கள். பிறகு ஒரு முனையில் கேபிளைக் கட்டி மறுமுனையிலிருந்து கயிற்றை இழுத்தால் கேபிள் உள்ளே ஊர்ந்து வரும்.

தெருமுனை வரை எல்லாம் ஒழுங்காகத்தான் போயிற்று. முனையில் ஒரு பக்கம் மழைநீர்க் கால்வாய், அதை ஒட்டிக் குடிநீர்க் குழாய், கரண்ட் கேபிள். அந்தப் பக்கம் கடப்பாரை வைக்கவே முடியாது. இந்தப் பக்கம் முனைவீடு. வீட்டின் சிமெண்டுப் படி தெருவுக்குள் கொஞ்சம் நீட்டிக்கொண்டிருந்தது. குழாய் அகலமாக வளைய அந்தப் படிக்கு அடியில்தான் இடம். படியின் ஓரத்தை உடைத்து, குழாயைப் பதித்து, மறுபடி பூசிக் கொடுத்தால் போதும். ஒரு நாள் வேலை. வீட்டுக்காரரிடம் ஒரு வார்த்தை கேட்க வேண்டும், அவ்வளவுதான்.

வேம்புலி சைக்கிளை எடுத்துக்கொண்டு கடைத்தெருவுக்குப் போனான். வரும்போது சட்டைப்பையில் முழங்கை போல மடங்கிய குழாய்மூட்டு ஒன்று துருத்திக்கொண்டிருந்தது.

"அண்ணாத்தே, இன்னா இது, பாத்ரூம் எல்போவ வாங்கியாந்துகீற?" என்றான் ஜேம்ஸ்.

"பைப்ப இங்க அறுத்துட்டு இத மாட்டு. கேபிளு திரும்பிக்கும்."

"மொழங்கைல ஃபைபர் திரும்பாது அண்ணாத்தே. இஸ்தா மாட்டிக்கும். மாட்டலன்னாலும் உள்ளார கண்ணாடி நசுங்கிப் பூடும், லைட்டு போவாது. உனக்குத் தெரியாததா? படிய ஒரு ஓரமா ஒடச்சிக்கலாம், கேளேன்."

"யார?"

"யாரன்ற. உங்க அக்கா ஊடுதானே அது."

வேம்புலி மண்வெட்டியை வாங்கி, ஏற்கெனவே வெட்டி முடித்த இடத்தையே மறுபடி வெட்டினான்.

அந்த வீட்டில் இருப்பவள் நாகவல்லி. வேம்புலிக்கு மூத்தவள், ஒரே அக்கா. பள்ளம் தன் வாசலுக்கு வந்த அன்று அவள் வேலையாட்களுக்குத் தண்ணீர் கொண்டுவந்தாள். ஒவ்வொருவருக்கும் சொம்பைக் கையில் கொடுத்தாள். வேம்புலியின் முறை வந்ததும் சொம்பைத் தரையில் வைத்துவிட்டு உள்ளே போய்விட்டாள். அவன் அதை எடுத்துக் குடித்தான். தாகமே இல்லை, ஆனாலும் கடைசிச் சொட்டு வரை குடித்தான்.

[இங்கே நான் எழுந்து மூன்று முறை பால்கனிக்குப் போய்வந்தேன். கயிறு அப்படியே இருக்கிறது. போன் இணையத்தை வைத்துக்கொண்டு உள்ளறையில் எழிலரசி அலுவலகக் கூட்டத்தில் "ஹலோ, கேக்குதா" என்று கத்திக்கொண்டிருக்கிறாள். எழிலரசி என் மனைவி, நான் எழுதுவதை முதலில் படிக்கிறவள். கேக்குதா, கேக்குதா. உட்கார முடியவில்லை.]

4

அக்காளும் தம்பியும் ஏன் பேசிக்கொள்வதில்லை?

முதலில் சொத்துத் தகராறு என்று எழுதினேன். சுலபமாக வந்தது, அதனாலேயே அடித்தேன். அப்புறம் பெண் கொடுக்கல் வாங்கல் என்று எழுதினேன். அதுவும் வேண்டாம். பிறகு வேம்புலி பழைய லைன்மேன் என்பதை நினைத்துக்கொண்டு அந்தக் கயிற்றையே பார்த்துக்கொண்டிருந்தபோது வந்து நின்றது இது. வந்த பிறகு, வராமலே இருந்திருக்கலாம் என்று தோன்றியது.

மூன்று வருடங்களுக்கு முன் நாகவல்லியின் கணவர் சுப்பராயன் மாரடைப்பில் இறந்துபோனார். அம்பத்தூர் எஸ்டேட்டில் லேத் பட்டறையில் வேலை. நல்ல உயரம். வேம்புலிக்கு முதன்முதலில் ஏணி வாங்கிக் கொடுத்தவர் அவர்தான். பட்டறைச் சினேகிதர்கள் சேர்ந்து பூப்பல்லக்கு கட்டினார்கள். அதில் அவரை உட்காரவைத்தார்கள், ஆள் உயரத்துக்குத் தக்கபடி பல்லக்கும் உயரம். மேளம், பட்டாசு, சாமந்தி. வேம்புலி கையில் ஒரு நீளக் கழியோடு முன்னால் ஓடி, குறுக்கே தொங்கிய ஒயர்களை ஒவ்வொன்றாகத் தூக்கிப் பிடித்து வழிவிட்டுக்கொண்டே போனான். தன் மாமாவுக்குச் செய்ய அவனுக்குத் தெரிந்த காரியம் அது. அழுதுகொண்டே செய்தான்.

ஆனால் அதற்கெல்லாம் முன்பே, பல்லக்கு புறப்பட்ட இடத்திலேயே, வீட்டை விட்டு நகர்ந்ததுமே, தெருமுனையில் ஒரு தடிமனான கேபிள் குறுக்கே நின்றது. ஊருக்கே டிவி கொடுக்கிற லைன். அதை அங்கே கட்டியவனும் வேம்புலிதான், கொஞ்சம் தொய்வாகக் கட்டியிருந்தான். கழியால் தூக்கினான், போதவில்லை. பல்லக்கின் உச்சி அதில் மாட்டிக்கொண்டது.

"அறுத்துடவா வேம்புலி?" என்று தூக்கியவர்களில் ஒருவன் கேட்டான். அவனிடம் அரிவாள் இருந்தது.

அன்று சாயங்காலம் கிரிக்கெட் இறுதிப் போட்டி. லைன் அறுந்தால் ஊரே அவன் வாசலில் வந்து நிற்கும், முதலாளி கிழிப்பான். இதையெல்லாம் அவன் யோசித்துச் சொன்னானா, பழக்கத்தில் வாய் தானாகச் சொல்லிவிட்டதா, எனக்குத் தெரியாது. அவனுக்கும் தெரியாது.

"அய்ய, வேணாம் வேணாம். சாச்சிக்கோ. ஒரு நிமிசந்தானே, குனிஞ்சிப் பூடு."

தூக்கியவர்கள் முட்டி மடக்கி உட்கார்ந்து பல்லக்கைச் சாய்த்தார்கள். சாமந்திச் சரம் அறுந்தது. சுப்பராயனின் தலை ஒரு பக்கமாகச் சரிந்து தொங்கியது. கேபிளுக்கு ஒன்றும் ஆகவில்லை.

நாகவல்லி தன் படியில் நின்று அதைப் பார்த்தாள். "ஒரு ஒயருக்கு என் ஊட்டுக்காரர குனிய வெச்சிட்டியேடா" என்றாள். அவனிடம் அவள் பேசிய கடைசிப் பேச்சு அது.

அறுந்த கேபிளை ஒட்டுவதுதான் அவனுடைய அன்றாட வேலை. அறுத்துவிட்டு, காரியம் முடிந்து வந்து ஒட்டியிருக்கலாம். போட்டியின் பாதியாவது ஊர் பார்த்திருக்கும். இது அவனுக்கு அன்று இரவே தெரிந்துபோயிற்று, அதற்குப் பிறகு அவனுக்கு நிம்மதி இல்லை. லைன்மேன் வேலையை விட்டான். தரைக்கடியில் போடுகிற வேலையாகப் பார்த்து எடுத்தான். அந்தத் தெருவுக்கு மேலே இனி எதுவும் தொங்கக் கூடாது என்பது அவன் யாரிடமும் சொல்லாமல் வைத்திருந்த வைராக்கியம். அவனுக்கு வேண்டியது ஒன்றே ஒன்று. அக்கா அவனோடு பேச வேண்டும்.

எழிலரசி இதுவரை படித்துவிட்டுக் கேட்டாள்: "அவங்க எதுக்கு அவன மன்னிக்கணும்?"

"மன்னிச்சாங்கன்னு நான் எழுதவே இல்லையே."

"எழுதல. ஆனா நீ அங்கதான் போற. மூஞ்சியப் பாத்தாலே தெரியுது."

5

"நாகவல்லி கதவைத் திறந்து, கண்களில் நீர் மல்க, தம்பி என்று"

எழிலரசி சொன்னது சரிதான்.

5, மறுபடியும்

எல்போவை மாட்டினார்கள். மெயின் ரோட்டு முனையில் கேபிளைக் கயிற்றில் கட்டிவிட்டு, எங்கள் கேட்டுக்குள்ளிருந்து இழுத்தார்கள். கொஞ்ச தூரம் வழுக்கிக்கொண்டு வந்தது. வேம்புலி, "பாத்தியா, சொன்னேன்ல" என்று வாயெடுக்கும்போது நின்றுவிட்டது. பலமாக இழுத்தார்கள். அசையவில்லை. எங்கே நின்றது என்று யாரும் யாரையும் கேட்கவில்லை.

ஸ்ரீகாந்த் கீழே இறங்கி வந்தார். அவருக்கும் வாட்ஸ்அப்பில் நாள் முழுக்க வசவு.

"வேம்புலி, நானும் எத்தனை நாளைக்குங்க பதில் சொல்றது? ஞாயித்துக்கிழமைக்குள்ள முடிச்சுக் குடுங்க. இல்லைனா அந்தப் பார்ட்டிகிட்டச் சொல்லிர்றேன். மேலயே கட்டிக் குடுத்துருவார்."

அந்தப் பார்ட்டி கட்டினால் எங்கே கட்டுவான் என்று வேம்புலிக்குத் தெரியும். முனைவீட்டுக் கம்பத்தில். நாகவல்லி காலையில் கதவைத் திறந்தால் தலைக்கு மேலே அதே இடத்தில் ஒரு ஒயர்.

அன்று மாலை முனையில் பள்ளத்தைத் திறந்து எல்போவை அறுத்து எடுத்தார்கள். கேபிளை அவிழ்த்துப் பின்னால் இழுத்துக்கொண்டார்கள். எங்கள் கேட்டுப் பக்கம் போகும் குழாய்க்குள் கயிறு மட்டும் இருந்தது, அதன் நுனி பள்ளத்தில் கிடந்தது. மேலே ஒரு பலகையைப் போட்டு மூடிவிட்டு வீட்டுக்குப் போனார்கள்.

காலையில் வந்து பார்த்தால் பலகை இருந்தது, கயிறு இல்லை. யாரோ நுனியைப் பிடித்து முழுக் கயிற்றையும் உருவி எடுத்திருந்தார்கள். நாகவல்லியின் வாசலில் புதுக் கொடியில் புடவை காய்ந்தது.

ஜேம்ஸ்தான் போய்க் கேட்டான்.

"யக்கா, அந்தக் கயிறு எங்களுது."

"என் படிகிட்ட கெடந்திச்சி. நல்லாகீது, கட்டிக்கினேன்."

"வேலைக்கு ஓணும்க்கா."

"யாரு வேலைக்கு?"

ஜேம்ஸ் தலையைச் சொறிந்தான்.

"ஓணும்ன்றவன வந்து கேக்கச் சொல்லு. ஊரு பூரா பேசுற வாயிதானே."

ஜேம்ஸ் திரும்பி வந்து விவரம் சொன்னான். "குனிஞ்சி போனேன், குனிஞ்சி வந்தேன், அண்ணாத்தே. ஈரப் பொடவ மூஞ்சிலயே அடிக்குது. கழி கீதே, ஒசரமா முட்டுக்குடுத்துக்கக் கூடாதான்னு கேட்டேன்."

"அதுக்கு இன்னா சொல்லிச்சி?"

"'ஒரு நிமிசந்தானே, குனிஞ்சிப் போவட்டும்'னிச்சி. யார சொல்லிச்சோ."

வேம்புலி பக்கத்தில் கிடந்த குழாய்த் துண்டை எடுத்து, அதற்குள் பார்த்தான், ஊதினான், மறுபடி பார்த்தான்.

"வுடு அண்ணாத்தே. வேற கயிறு வாங்கிக்கலாம். காத்தடிச்சி உள்ளார தள்ளிக்கலாம்."

"கயிறு வாங்கலாம். படிய எங்க வாங்குவ?"

* வாசகர் கேட்கலாம்: நாகவல்லி வேண்டுமென்றேதான் தாழ்வாகக் கட்டினாளா, அல்லது கைக்கு எட்டிய ஆணியில் கட்டினாளா? நான் பத்து தடவை மாற்றி மாற்றி எழுதிப் பார்த்தேன். எடுத்தபோது வெறும் கயிறாக எடுத்திருப்பாள், கட்டும்போது கை தானாகத் தாழ்ந்திருக்கும். அதற்கு மேல் அவள் மனசுக்குள் போக எனக்குத் துணிச்சல் இல்லை.

6

ஆக, நான் பால்கனியிலிருந்து பார்த்த இடத்துக்கு வந்துவிட்டோம். வேம்புலி குழாய்த் துண்டைக் கையில் வைத்துக்கொண்டு கயிற்றுக்கு முன்னால் நிற்கிறான். இங்கிருந்து கதை எங்கே போகலாம் என்று மூன்று வழிகளில் எழுதி வைத்திருக்கிறேன்.

முடிவு அ. குனிகிறான். ஈரப் புடவை முகத்தில் பட, கயிற்றுக்கு அடியில் நுழைந்து அக்காவின் முன்னால் நிமிர்கிறான். எழுதியதும் சரியாகத்தான் இருந்தது. ராத்திரி படுத்த பிறகு உறுத்தியது. இவன் குனிந்தால் மறு நிமிடம் நிமிர்ந்துகொள்வான். சுப்பராயனைக் கேட்டுக்கொண்டா குனியவைத்தார்கள்? இரண்டையும் தராசில் வைத்தால் எப்படிச் சமமாகும்?

முடிவு ஆ. இடுப்பில் கேபிள் அறுக்கும் கட்டர் இருக்கிறது. எடுக்கிறான், கயிற்றை அறுக்கிறான். அன்றைக்கு அறுக்காததை இன்றைக்கு அறுக்கிறான். இதை எழுதியபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது, அதனாலேயே சந்தேகம் வந்தது. எழிலரசி ஒரே வரியில் முடித்துவிட்டாள். "தொவச்ச துணியெல்லாம் மண்ணுல விழுமே, அத யாரு மறுபடி தொவைக்கிறது?" உண்மைதான். அவன் மனப்பாரத்தை இறக்கிவைக்க மறுபடியும் அவள் வாசல்தானா?

முடிவு இ. திரும்பிப் போய்விடுகிறான். ஞாயிற்றுக்கிழமை அந்த இன்னொரு பார்ட்டி வந்து மேலே ஒயர் கட்டிவிடுகிறான். சாயங்காலமே எங்கள் வீட்டில் இணையம் வருகிறது. "ஹலோ, கேக்குதா" நின்றுவிடுகிறது. ஒப்புக்கொள்கிறேன், இந்த முடிவில் எனக்கு ஆதாயம் இருக்கிறது. நடக்கக் கூடியதும் இதுதான். நம் ஊரில் பெரும்பாலான கதைகள் இப்படித்தான் மேலே ஒரு ஒயரைக் கட்டிவிட்டு முடிந்துபோகின்றன.

மூன்றும் எனக்குப் பிடிக்கவில்லை. மூன்றிலும் வேம்புலிதான் ஏதாவது செய்கிறான் அல்லது செய்யாமல் போகிறான். நாகவல்லி வீட்டுக்குள்ளேயே உட்கார்ந்திருக்கிறாள். அவளை யாருமே கேட்கவில்லை, நான் உள்பட.

7

நாகவல்லி வெளியே வந்தாள்.

கயிற்றுக்கு இந்தப் பக்கம் தம்பி, அந்தப் பக்கம் அக்கா. நடுவில் ஒரு நீலப் புடவை. அவள் அவனைப் பார்க்கவில்லை. அவன் கையைப் பார்த்தாள்.

"இன்னா அது?"

மூன்று வருடத்துக்குப் பிறகு முதல் வார்த்தை. வாய் ஓயாத வேம்புலி குழாய்த் துண்டை அவள் பக்கம் நீட்டினான்.

"பைப்புக்கா. நல்ல பைப்பு. ஆனா இதுக்கு வளைய எடம் ஓணும். எல்போ போட்டுப் பாத்தேன், நிக்கல. படி ஓரத்த ஒடச்சாதான் திரும்பும். இல்லன்னா மேல ஒயர் கட்டிடுவானுங்க."

"அவரு பூசுன படி அது."

"தெரியும்க்கா. கலவ நான்தானே கலந்து குடுத்தேன்."

அவள் படியைப் பார்த்தாள். ஓரத்தில் கரண்டி வழித்த தடம் இன்னும் இருந்தது.

"மேல கட்டுனா இன்னா? கட்டிக்கட்டுமே. ஒயர்தானே உனுக்குப் பெருசு."

"இல்லக்கா."

"இன்னா இல்ல?"

"அன்னிக்கு அறுத்துருக்கணும்க்கா." இவ்வளவு நாள் மனசுக்குள் ஓட்டிப் பார்த்த நீளமான விளக்கங்களில் ஒன்றுகூட வரவில்லை. "அறுத்துருக்கணும்" என்று மட்டும் மறுபடி சொன்னான்.

நாகவல்லி சுவரில் சாய்ந்திருந்த கவட்டைக்கழியை எடுத்தாள். கவட்டையைக் கயிற்றுக்கு அடியில் கொடுத்து இரண்டு கையாலும் மேலே தூக்கினாள். நீலப் புடவை எழுந்தது, மஞ்சள் கயிறு எழுந்தது, அவன் மார்பைத் தாண்டி, முகத்தைத் தாண்டி, தலைக்கு மேலே போயிற்று. கழியை அவள் தரையில் ஊன்றவில்லை. தூக்கிய மாதிரியே கையில் பிடித்துக்கொண்டு நிற்கிறாள். புடவையிலிருந்து தண்ணீர் அவள் முழங்கையில் சொட்டுகிறது.

வாசல் திறந்திருக்கிறது. ஒருவன் நிமிர்ந்து நடந்து போகிற உயரத்துக்குத் திறந்திருக்கிறது.

'அன்னிக்கு இப்படித் தூக்கியிருக்க வேண்டியதுதானேடா' என்று காட்டுகிறாளா? 'உள்ளே வா' என்கிறாளா? அவள் முகத்தை எழுத முயன்று நான்கு வரிகளை அடித்துவிட்டேன். வேம்புலியும் அந்த முகத்தைத்தான் பார்க்கிறான், பார்த்துக்கொண்டே நிற்கிறான். நிமிர்ந்து நுழைய அவனுக்கு யோக்கியதை உண்டா, தூக்கிக் கொடுத்த பிறகும் குனிந்து நுழைந்தால் அது அவளுக்கு அவமானமா, அவனால் முடிவு செய்ய முடியவில்லை.

என்னாலும் முடியவில்லை. நான் எழுதினால் எனக்கு வேண்டியதைத்தான் எழுதுவேன், என் முகத்தில் தெரிந்ததை நீங்களும் பார்த்துவிட்டீர்கள். ஆகவே நான் கையை எடுத்துவிடுகிறேன். அவன் எப்படி நுழைய வேண்டும் என்று நீங்கள் சொல்லுங்கள், நுழையக் கூடாது என்றால் அதையும் சொல்லுங்கள்.

ஆனால் ரொம்ப யோசிக்காதீர்கள். ஈரத் துணி கனக்கும். அவள் கை நடுங்க ஆரம்பித்துவிட்டது.